டெல்டாவில் எத்தனை மொழிகள் இருந்தன, எவை தங்கின?

கேட்டவரின் கேள்வி சுருக்கமாக இது: "காவிரி டெல்டாவைத் தமிழின் மையம் என்கிறோம். ஆனால் தெலுங்கர், மராத்தியர், போர்த்துகீசியர், டச்சுக்காரர், டேனிஷ்காரர், பிரெஞ்சுக்காரர், ஆங்கிலேயர் என்று நானூறு வருஷத்துக்கு மேல் அங்கே ஆண்டவர்கள் எல்லாரும் வேறு மொழிக்காரர்கள். அந்த மொழிகள் எல்லாம் எங்கே போயின? தமிழ் எப்படித் தப்பித்தது?"

கேள்வியின் கடைசிப் பகுதியில் எனக்கு உடன்பாடு இல்லை. டெல்டாவில் தமிழுக்கு உயிராபத்து வந்ததாக நான் நினைக்கவில்லை. முதல் பகுதி நல்ல கேள்வி. ஆண்ட மொழி என்ற ஒரே காரணத்துக்காக இங்கே எந்த மொழியும் தங்கவில்லை. அடுப்படியில், தறியில், மேடையில், வழிபாட்டில் என்று எங்காவது தனக்கென்று ஒரு வேலை வைத்திருந்த மொழிதான் தங்கியது. அந்த வேலை போனதும் மொழியும் போய்விட்டது. கோட்டை கட்டிய டேனிஷ் மொழியைப் பேச இன்று தரங்கம்பாடியில் ஆள் கிடையாது. நாடே இல்லாத சௌராஷ்டிரம் கும்பகோணத்துத் தெருக்களில் இன்றும் ஒலிக்கிறது.

இந்த வேலைப் பிரிவினை நாயக்கர் காலத்தில் தொடங்கியது அல்ல. ஆனைமங்கலம் செப்பேட்டைப் பாருங்கள். நாகப்பட்டினத்தில் ஸ்ரீவிஜய மன்னர் கட்டிய சூடாமணி விகாரம் என்ற பௌத்தப் பள்ளிக்கு முதலாம் ராஜராஜன் ஒரு கிராமத்தையே கொடுத்த ஆவணம் அது. ஹாலந்தின் லெய்டன் நகரத்துக்குப் போய்ச் சேர்ந்ததால் லெய்டன் செப்பேடு என்றும் சொல்வார்கள். 21 ஏடுகள். அவற்றில் 5 சமஸ்கிருதம், 16 தமிழ். அரசனின் வம்சப் பெருமை சமஸ்கிருதத்தில் இருக்கிறது. நிலத்தின் எல்லை எங்கே போகிறது, எந்தெந்த வரி, யார் யார் கையெழுத்து என்பதெல்லாம் தமிழில் இருக்கிறது. சைவ அரசன், பௌத்தப் பள்ளி, கடலுக்கு அப்பாலிருந்து வந்த மன்னன், இரண்டு மொழி. ஆயிரம் வருஷத்துக்கு முன்னாலேயே டெல்டாவில் நிலைமை இதுதான்.

சரி, தெலுங்குக்கு வருவோம். விஜயநகரத்தின் பிரதிநிதியாகச் செவ்வப்ப நாயக்கர் 16ஆம் நூற்றாண்டின் முற்பகுதியில் தஞ்சைக்கு வந்தார். அவரோடு அரசவை மட்டும் வரவில்லை. படைவீரர், விவசாயிகள், கைவினைக்காரர்கள், அந்தணர்கள் என்று பல அடுக்கு மக்கள் வந்தார்கள். தஞ்சாவூர் ஓவியம் என்று இன்று நாம் பெருமையாகச் சொல்லும் கலையை வளர்த்ததில் ராஜு சமூகத்தாருக்குப் பெரிய பங்கு உண்டு. அவர்களும் தெலுங்கு பேசியவர்களே. ரகுநாத நாயக்கர் தானே தெலுங்கில் நூல் எழுதியவர். அவர் அவையில் இருந்த ராமபத்ராம்பா என்ற பெண் கவி அவரைப் பற்றிச் சமஸ்கிருதத்தில் காவியம் பாடினார். மூன்று நாயக்கர்களிடம் மந்திரியாக இருந்த கோவிந்த தீட்சிதர் கன்னட வழி வந்தவர். அய்யன் என்று மக்கள் அழைத்த அவர் பெயரில்தான் அய்யம்பேட்டை இருக்கிறது. ஆக, தமிழ்நாட்டின் நடுவில் கன்னட மந்திரி, தெலுங்கு அரசன், சமஸ்கிருதக் காவியம். வெளியே வாய்க்கால் வெட்டுகிறவர் தமிழில் பேசிக்கொண்டிருந்தார்.

1676 வாக்கில் சிவாஜியின் மாற்றாந்தாய் வழிச் சகோதரர் ஏகோஜி தஞ்சையில் முடிசூடினார். இந்த இடம்தான் எனக்கு மிகவும் பிடித்தது. மராத்தியர் வந்தார்கள், எனவே அரசவை மராத்திக்கு மாறியிருக்கும் என்று எதிர்பார்ப்போம். மாறவில்லை. ஏகோஜியின் மகன் ஷாஜி (1684 முதல் 1712 வரை ஆண்டவர்) தெலுங்கில் 'பல்லகி சேவா பிரபந்தம்' எழுதினார். மராத்தியில் நாடகங்களும் எழுதினார். மகாராஷ்டிரத்தில் நவீன மராத்தி நாடகத்தின் தொடக்கமாகச் சொல்லப்படுவது 1843இல் சாங்லியில் நடந்த நாடகம். அதற்கு ஒன்றரை நூற்றாண்டுக்கு முன்பே தஞ்சாவூரில் மராத்தி நாடகம் எழுதப்பட்டிருக்கிறது. இன்னும் வேடிக்கையானது அதே ஷாஜியின் 'பஞ்சபாஷா விலாசம்'. தமிழ், தெலுங்கு, மராத்தி, இந்தி, சமஸ்கிருதம் என்று ஐந்து மொழி பேசும் ஒரே நாடகம். நான்கு தேசத்து நாயகிகள் அவரவர் மொழியிலேயே பேசுகிறார்கள். இதைப் பார்க்க உட்கார்ந்திருந்தவர்கள் யாருக்கும் அது புதுமையாகப் பட்டிருக்காது என்றுதான் நினைக்கிறேன். அரண்மனைக்கு வெளியே சந்தையிலும் அவர்கள் அதைத்தானே கேட்டுக்கொண்டிருந்தார்கள்.

மேடை மட்டுமா? பிரதாபசிம்மர் காலத்தில் முத்துப்பழனி என்ற தேவதாசி 'ராதிகா சாந்த்வனமு' என்ற காவியத்தை எழுதினார். பெயர் சுத்தத் தமிழ்ப் பெயர், எழுத்து தெலுங்கு, அரசன் மராத்தியன். கன்னட நாட்டில் பிறந்த பெங்களூர் நாகரத்தினம்மாள் அதை 1910இல் முழுதாக மறுபதிப்புச் செய்தார். ஆபாசம் என்று சொல்லி ஆங்கில அரசு தடை போட்டது. நாட்டின் விடுதலையை ஒட்டித்தான் தடை நீங்கியது. அதே நாகரத்தினம்மாள்தான் தன் சொத்தைச் செலவழித்துத் திருவையாற்றில் தியாகராஜருக்குச் சமாதிக் கோயில் கட்டியவர். இப்படி ஒரு புத்தகத்தை இழுத்தால் நான்கு மொழி சேர்ந்து வரும். டெல்டாவின் கலை வரலாற்றில் ஏறக்குறைய எதை இழுத்தாலும் இதே கதைதான்.

மராத்திய அரசர் இரண்டாம் சரபோஜியைப் பாட்டுடைத் தலைவனாக வைத்துக் கொட்டையூர் சிவக்கொழுந்து தேசிகர் பாடிய சரபேந்திர பூபால குறவஞ்சி தமிழில்தான் இருக்கிறது. அது பெரிய கோயிலில் ஆடப்பட்டது. அதே சரபோஜி மராத்தியில் எழுதிய 'தேவேந்திர குறவஞ்சி'யில் குறத்தி உலக பூகோளம் சொல்கிறாள்! தமிழ் வடிவம், மராத்தி மொழி, ஐரோப்பியப் படிப்பு. மூன்றும் ஒன்றாக உட்கார்ந்திருப்பதில் அவருக்கு ஒரு சங்கடமும் இல்லை.

சங்கீத விஷயத்தில் பலருக்கு ஒரு மனக்குறை உண்டு. திருவாரூரில் பிறந்த மூவரில் தியாகராஜர் தெலுங்கில் பாடினார், தீட்சிதர் பெரும்பாலும் சமஸ்கிருதத்தில், சியாமா சாஸ்திரி பெரும்பாலும் தெலுங்கில். தமிழ் மண்ணில் தமிழுக்கு இடமில்லாமல் போயிற்றே என்று கேட்பார்கள். குறை நியாயமானது. 1940களில் தமிழிசை இயக்கம் எழுந்ததற்கும், 1943இல் சென்னையில் தமிழ் இசைச் சங்கம் தொடங்கியதற்கும் அதுதான் காரணம். ஆனால் இதில் பாதி, நாம் எதைக் கச்சேரி என்று எண்ணிக்கொண்டோம் என்பதைப் பொறுத்தது. சீர்காழியை எடுத்துக்கொண்டால் முத்துத்தாண்டவரும் அருணாசலக் கவிராயரும் தமிழிலேயே கீர்த்தனை பாடிவிட்டுப் போயிருக்கிறார்கள், மூவருக்கும் முந்தியவர்கள். கோபாலகிருஷ்ண பாரதியின் நந்தனார் சரித்திரம் 19ஆம் நூற்றாண்டில் ஊர் ஊராகப் பரவியது. கோயில்களில் ஓதுவார் தேவாரத்தை விட்டதே இல்லை. தமிழில் பாட்டு இருந்தது. அரசவைக்கும் வித்வான்களுக்கும் கௌரவம் தந்த மொழி வேறாக இருந்தது. குறை சொல்வதானால் அந்தக் கௌரவத்தைத்தான் குறை சொல்ல வேண்டும், தெலுங்கை அல்ல.

தியாகராஜர் பாடியது நமக்குக் கிடைத்த விதம் இதைவிடச் சுவாரசியமானது. அவர் பாடல்களை எழுதிக் காப்பாற்றிய முக்கியமான சீடர் வாலாஜாபேட்டை வேங்கடரமண பாகவதர். அவர் பிறந்தது நம் அய்யம்பேட்டையில், சமூகத்தால் சௌராஷ்டிரர். தமிழ் ஊரில், தெலுங்குப் பாட்டை, வீட்டில் சௌராஷ்டிரம் பேசுகிற ஒருவர் எழுதி வைத்தார். அந்தச் சுவடிகள் பின்னால் மதுரைச் சௌராஷ்டிர சபையில் இருந்தன.

சௌராஷ்டிரத்தைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும். தமிழ்நாட்டில் நிறையப் பேர் அதைக் குஜராத்தி என்றோ, தெலுங்கின் ஒரு வகை என்றோ நினைத்துக்கொண்டிருக்கிறார்கள். குஜராத்தி, மராத்தி, கொங்கணி வகையறாவோடு சேர்ந்த வடமொழிக் குடும்பத்துப் பேச்சு அது. வழியில் தெலுங்கையும் கன்னடத்தையும், வந்து சேர்ந்த பிறகு தமிழையும் நிறைய வாங்கிக்கொண்டது. பட்டு நெசவாளர்கள் என்பதால் விஜயநகர, நாயக்க அரசுகள் இருந்த இடங்களுக்கு நகர்ந்து நகர்ந்து வந்தார்கள். டெல்டாவில் கும்பகோணம், திருபுவனம், அய்யம்பேட்டை, தஞ்சாவூர். 2011 மக்கள்தொகைக் கணக்கில் நாடு முழுவதும் சௌராஷ்டிரம் பேசுவோர் சுமார் 2.47 லட்சம், ஏறக்குறைய எல்லாரும் தமிழ்நாட்டில். 19ஆம் நூற்றாண்டின் இறுதியில் அச்சுக்கென்று தனி எழுத்து வார்த்தார்கள். 2008இல் அந்த எழுத்து யூனிகோடிலும் ஏறிவிட்டது. ஆனால் அதைப் படிக்கத் தெரிந்தவர்கள் மிகக் குறைவு. பெரும்பாலோர் எழுதுவது தமிழ் எழுத்தில்தான்.

எழுத்துப் பழக்கமும் அரசும் பள்ளிக்கூடமும் இல்லாத இந்த மொழி எப்படி நின்றது? தறி என்பதுதான் என் பதில். நெசவு ஒரு குடும்பம் முழுக்கச் சேர்ந்து செய்யும் தொழில். பாவு ஓட்டுவதிலிருந்து புடவை மடிப்பது வரை வீட்டுக்குள்ளேயே நடக்கும். தெருவே ஒரே சமூகமாக இருக்கும். குழந்தை நடக்கக் கற்றுக்கொள்வதே தறிக்குப் பக்கத்தில். வியாபாரத்துக்குத் தமிழ், வீட்டுக்கும் தறிக்கும் சௌராஷ்டிரம் என்று இருநூறு முந்நூறு வருஷம் ஓடியது. இப்போது பிள்ளைகள் பொறியியல் படித்துவிட்டு வெளியூருக்குப் போகிறார்கள். தறி வீட்டை விட்டுப் போனால் மொழிக்கு என்ன ஆகும் என்பதுதான் அந்தச் சமூகத்தில் பெரியவர்கள் பேசிக்கொள்ளும் கவலை. அவர்கள் கவலை வீண் கவலை இல்லை.

தஞ்சாவூர் மராத்தியின் கதை இதற்கு நேர் எதிராகத் தொடங்குகிறது. அதற்கு எழுத்து இருந்தது, கச்சேரி என்ற அரசு அலுவலகம் இருந்தது, அரசு இருந்தது. கணக்கும் கடிதமும் மோடி என்ற வேக எழுத்தில் எழுதப்பட்டன. கையை எடுக்காமல் எழுதுவதற்கென்றே அமைந்த வடிவம். மகாராஜா கோயிலுக்கு என்ன கொடுத்தார், வைத்தியருக்கு எவ்வளவு சம்பளம், எந்தச் சத்திரத்தில் எத்தனை பேர் சாப்பிட்டார்கள் என்பதெல்லாம் மூட்டை மூட்டையாக அந்த எழுத்தில் கிடக்கிறது. ஒரு பகுதியைத் தமிழ்ப் பல்கலைக்கழகம் தமிழாக்கி வெளியிட்டிருக்கிறது. மீதியைப் படிக்க மோடி தெரிந்தவர்கள் வேண்டும். அவர்களைத் தேடிப் பிடிக்க வேண்டிய நிலைதான் இன்று.

பெரிய கோயில் பிராகாரத்தில் தென்மேற்கு மூலைப் பக்கம் 1803இல் சரபோஜி வெட்டிவைத்த மராத்திக் கல்வெட்டு இருக்கிறது. தஞ்சை மராத்திய அரசர்களான போன்ஸ்லே வம்சத்தின் முழு வரலாறு. இந்தியாவின் மிக நீளமான கல்வெட்டுகளில் ஒன்று. சுற்றுலா வருகிற நூறு பேரில் ஒருவர் நின்று பார்த்தாலே அதிகம். அதே சரபோஜி அரண்மனையில் தேவநாகரி அச்சுக்கூடம் ஒன்று வைத்தார். ஈசாப் கதைகளின் மராத்தி மொழிபெயர்ப்பான 'பாலபோத முக்தாவளி' 1806இல் அங்கே அச்சானது. மராத்தியில் அச்சேறிய மிகப் பழைய புத்தகங்களில் அதுவும் ஒன்று. புனேயும் பம்பாயும் அந்த வேலையில் சூடு பிடிப்பதற்கு முன்னால் தஞ்சாவூரில் நடந்துவிட்டது!

அரசு கை மாறிய பிறகும் மராத்தி உடனே போகவில்லை. 1799 ஒப்பந்தத்தோடு சரபோஜிக்குக் கோட்டையும் அதன் சுற்றுப்புறமும்தான் மிஞ்சின. நாட்டு நிர்வாகம் ஆங்கிலேயக் கிழக்கிந்தியக் கம்பெனியிடம் போனது. ஆனால் கணக்குத் தெரிந்தவர்கள் மராத்தி பேசும் தேசஸ்த அந்தணர்கள்தானே. ஆங்கிலம் கற்றதும் அவர்களே புதிய அரசின் அதிகாரிகளானார்கள். 1828இல் கும்பகோணத்தில் பிறந்த சர் டி. மாதவராவ் திருவிதாங்கூர், இந்தோர், பரோடா என்று மூன்று சமஸ்தானங்களுக்குத் திவானாக இருந்தார். முதலாவது மலையாள நாடு, மற்ற இரண்டும் மராத்தியர் ஆண்டவை. கும்பகோணத்தில் வளர்ந்த ஒருவருக்கு இத்தனை மொழிகளுக்கு நடுவே வேலை பார்ப்பது கஷ்டமாக இருந்திருக்காது.

1855இல் கடைசி அரசர் சிவாஜி ஆண் வாரிசு இல்லாமல் இறந்தார். கம்பெனி அரசுப் பட்டத்தையே எடுத்துவிட்டது. கச்சேரி மராத்தி போனது. மோடி எழுத்து போனது. வீட்டு மராத்தி மட்டும் நின்றது. இன்றும் தஞ்சாவூர், கும்பகோணம் பக்கத்து ராயர் வீடுகளில் பேசுகிறார்கள். மகாராஷ்டிரத்துக்காரர் கேட்டால் பழைய மராத்தியும் தமிழ் வாக்கிய அமைப்பும் கலந்த பேச்சாகத் தோன்றும். தஞ்சை அரண்மனை நூலகமான சரஸ்வதி மகாலில் சரபேந்திர பாகசாஸ்திரம் என்று அரண்மனைச் சமையல் சுவடி ஒன்று இருக்கிறது. சாம்பார் சம்பாஜிக்காகச் செய்யப்பட்டது என்ற கதைக்கு அங்கேயோ வேறெங்கேயோ உறுதியான ஆதாரத்தை யாரும் காட்டியதில்லை, ஆனாலும் யூடியூப் இருக்கும் வரை அந்தக் கதை சாகாது. மராத்தியர் விட்டுப்போனதில் நிச்சயமான ஒன்று கதாகாலட்சேபம். 19ஆம் நூற்றாண்டில் தஞ்சைக்கு வந்த மராத்தியக் கீர்த்தனக்காரர்களின் பாணியைத் தஞ்சாவூர் கிருஷ்ண பாகவதர் தமிழுக்கு ஏற்றபடி அமைத்துக்கொண்டார். கதை தமிழில் நகரும். நடுவே சாகி, திண்டி, அபங்கம் என்று மராத்தி மெட்டுகள் வரும். தெலுங்குக் கீர்த்தனையும் சமஸ்கிருத சுலோகமும் வரும். கேட்டவர்கள் எல்லாரும் அத்தனை மொழியும் தெரிந்தவர்களா என்ன? தேவைப்படவில்லை.

இந்த முந்நூறு வருஷமும் தமிழ்ப் படிப்பு எங்கே இருந்தது என்று கேட்டால், மடங்களில். திருவாவடுதுறை, தருமபுரம், திருப்பனந்தாள் மூன்றும் டெல்டாவுக்குள்தான் இருக்கின்றன. அரசவை மொழி எதுவானாலும் மடத்துக்கு நிலம் இருந்தது, நெல் வந்தது, புலவருக்குச் சாப்பாடு கிடைத்தது. மகாவித்வான் மீனாட்சிசுந்தரம் பிள்ளை திருவாவடுதுறையில் பாடம் சொன்னார். பாபநாசம் பக்கத்து உத்தமதானபுரத்துக்காரரான உ.வே.சாமிநாதையர் அவரிடம் படித்தார். தஞ்சை மராத்திய அரசு முடிந்த 1855இல்தான் அவர் பிறந்தார். தற்செயல்தான், ஆனாலும் எனக்கு இந்தத் தேதிப் பொருத்தம் பிடிக்கும். மாயவரத்தில் முன்சீப்பாக இருந்த வேதநாயகம் பிள்ளை 1862இலேயே நீதிமன்றத் தீர்ப்புகளைத் தமிழில் தொகுத்து வெளியிட்டார். கோர்ட்டில் நிற்கிறவனுக்குத் தன் வழக்கு என்ன ஆனது என்று புரிய வேண்டாமா என்ற கோபம் அதற்குப் பின்னால் இருந்தது. அரசு தமிழை எடுத்துக்கொள்ளாத இடத்தில் இப்படித் தனி ஆட்கள் எடுத்துக்கொண்டார்கள்.

கடற்கரைக்கு வந்தால் கதை மாறுகிறது. நாகப்பட்டினத்தில் போர்த்துகீசியர் 16ஆம் நூற்றாண்டில் குடியேறினார்கள்; 1658இல் டச்சுக்காரர் பிடித்தார்கள்; 1781இல் ஆங்கிலேயர். ஆள் மாறினாலும் கடற்கரை முழுக்க வெள்ளைக்காரர்களுக்கும் உள்ளூர்க்காரர்களுக்கும் நடுவே ஓடிய பேச்சு நீண்ட காலம் போர்த்துகீசியமாகவே இருந்தது. டச்சுக்காரர் ஆண்டபோதும், டேனிஷ்காரர் ஆண்டபோதும் அதுதான். ஜன்னல், சாவி, மேசை, அலமாரி, பாதிரி எல்லாம் அந்த வழியில் வந்தவை. நூற்றுச் சொச்சம் வருஷம் ஆண்ட டச்சுக்காரரிடமிருந்து நாம் எடுத்துக்கொண்டதில் முக்கியமானவை துட்டும் கக்கூசும். வேறென்ன சொல்ல.

தரங்கம்பாடியில் 1620இல் ரகுநாத நாயக்கரோடு ஒப்பந்தம் போட்டு டேனிஷ்காரர் கோட்டை கட்டினார்கள். 1706இல் பர்தலோமேயு சீகன்பால்கு அங்கே வந்து இறங்கினார். ஜெர்மானியர், அனுப்பியவர் டென்மார்க் அரசர். வந்த உடனே அவர் படிக்கத் தொடங்கியது இரண்டு மொழி: போர்த்துகீசியம், தமிழ். ஊர்த் திண்ணைப் பள்ளி ஆசிரியரை வரவழைத்து, பிள்ளைகளோடு உட்கார்ந்து மணலில் எழுத்து எழுதிப் பழகினார். சில வருஷங்களில் அச்சுக்கூடம் வந்தது. 1715இல் தமிழ்ப் புதிய ஏற்பாடு அச்சாகி முடிந்தது. இந்திய மொழி எதிலும் அச்சான முதல் புதிய ஏற்பாடு அது. காகிதத் தட்டுப்பாட்டுக்காகப் பொறையாரில் காகித ஆலையும் வைத்துப் பார்த்தார்கள். தென்னிந்தியத் தெய்வங்களைப் பற்றி அவர் எழுதிய நூலை ஜெர்மனியில் இருந்த மேலிடம் அச்சிட விரும்பவில்லை; அது 1867 வரை கையெழுத்துப் படியாகவே கிடந்தது. அவர் 1719இல் இறந்தபோது வயது 36.

இங்கே பாருங்கள், ஜெர்மானியர் ஒருவர், டேனிஷ் கொடியின் கீழ், போர்த்துகீசியத்தில் வேலையை நடத்தி, தமிழில் அச்சடித்தார். தங்கியது எது? தமிழில் நடக்கும் லுத்தரன் வழிபாடு. அவர் கட்டி 1718இல் திறந்த புதிய எருசலேம் ஆலயத்தில் இன்றும் தமிழில் ஆராதனை நடக்கிறது. டேனிஷ்காரர் 1845இல் தங்கள் இந்தியப் பகுதிகளைக் கம்பெனிக்கு 12.5 லட்சம் ரூபாய்க்கு விற்றுவிட்டுப் போனார்கள். மொழியில் ஒரு தடயமும் வைக்கவில்லை.

நாகூர் பக்கம் இன்னொரு வகை. மரைக்காயர்களுக்கு வீட்டு மொழி எப்போதும் தமிழ். ஆனால் தமிழை அரபு எழுத்தில் எழுதினார்கள். அரபுத் தமிழ் என்று பெயர். குர்ஆன் ஓதக் கற்ற பெண்கள் அதே எழுத்தில் தமிழ் நூல்களையும் படிக்க முடிந்தது. கடல் வாணிபத்தால் மலாயாவோடு பெண் கொடுத்து எடுக்கும் அளவுக்கு உறவு. நாகூர் தர்காவின் 131 அடி உயரப் பெரிய மனாராவைக் கட்டியது மராத்திய அரசர் பிரதாபசிம்மர். முன்னால் சொன்ன முத்துப்பழனியை ஆதரித்த அதே அரசர்தான்.

பிரெஞ்சுக்காரரின் காரைக்கால் 1739இல் தஞ்சை அரசரிடமிருந்து வாங்கியது. 1954 நவம்பர் 1 அன்று நிர்வாகம் இந்தியாவிடம் வந்தது. சட்டப்படியான மாற்றம் 1962இல் முடிந்தது. அப்போது பிரெஞ்சுக் குடியுரிமையை வைத்துக்கொள்ள விரும்பியவர்களுக்கு அவகாசம் கொடுத்தார்கள். அதனால் காரைக்காலில் பிரெஞ்சு ஓய்வூதியம் வாங்கும் குடும்பங்கள், பாரிசில் பேரன் பேத்தி உள்ள குடும்பங்கள் இன்றும் உண்டு. அங்கே பிரெஞ்சு நிற்பது இந்தக் கடவுச்சீட்டு வழியாகத்தான். பேசுவது தமிழ்.

ஆனால் காரைக்கால் வழியாக நடந்த பெரிய மொழிக் கதை ஊருக்குள் நடக்கவில்லை. 1850களிலிருந்து 1880கள் வரை புதுச்சேரி, காரைக்கால் துறைமுகங்களிலிருந்து ஒப்பந்தக் கூலிகள் பிரெஞ்சுக் குடியேற்றங்களின் கரும்புத் தோட்டங்களுக்குக் கப்பல் ஏறினார்கள். ரீயூனியன், மார்த்தினிக், குவாதலூப். குவாதலூப்புக்கு மட்டும் சுமார் 42,000 பேர், மார்த்தினிக்குக்குச் சுமார் 25,000 பேர் போனார்கள். அவர்களில் பெரும்பாலோர் தமிழர். அவர்கள் வம்சத்தில் இன்று வீட்டில் தமிழ் பேசுவோர் கிடையாது. கிரியோலும் பிரெஞ்சும்தான். தோட்டத்தில் வேலைக்குத் தமிழ் உதவவில்லை, பள்ளியில் இல்லை, கல்யாணங்கள் கலந்தன. அது தங்கிய ஒரே இடம் மாரியம்மன் வழிபாடு. பூசாரி தமிழ்ப் பாட்டைப் பாடுகிறார். பாடுபவருக்கே பொருள் முழுதாகத் தெரியாது. அந்தத் தெய்வ வரிசையில் மார்த்தினிக்கில் 'நாகூமிலா' என்று ஒருவர் இருக்கிறார். கடல் பயணத்தில் காப்பவர். நம் நாகூர் மீரான்தான்! ரீயூனியனிலும் அவருக்குக் கொடிமரம் உண்டு. தர்காவை நேர்ந்துகொண்டு கப்பல் ஏறிய கூலிகள் இந்துவோ முஸ்லிமோ, அவரைக் கூட்டிக்கொண்டு போயிருக்கிறார்கள்.

இதையெல்லாம் நல்லிணக்கக் கதையாக மட்டும் சொல்லிவிட்டால் அது பாதிப் பொய். தெலுங்கு நாடகம் ஆடும் மேலட்டூரில் தெலுங்கு பேசினால் பாரம்பரியம். நகராட்சித் துப்புரவுப் பணியாளர் குடியிருப்பில் அதே தெலுங்கு பேசினால் வந்தேறி என்பார்கள், அல்லது அது ஒரு மொழியாகவே கணக்கில் வராது. நரிக்குறவர்கள் தங்களுக்குள் பேசும் வாக்ரிபோலி குஜராத்தி வழிப் பேச்சு. திருவிழாவில் ஊசி மணி பாசி விற்கும்போது நன்றாகத் தமிழும் பேசுவார்கள். பழங்குடிப் பட்டியலில் அவர்களைச் சேர்க்கும் சட்டமே 2022 டிசம்பரில்தான் நாடாளுமன்றத்தில் நிறைவேறியது. அரண்மனைக்கு வந்த மொழிக்கு நூலகம் கிடைத்தது. சேரிக்கும் கூடாரத்துக்கும் வந்த மொழிகளைப் பற்றி எழுதி வைத்தவர்கள் குறைவு. என் பதிலிலும் அந்தச் சாய்வு தெரியத்தான் செய்கிறது: அரசர்களுக்குப் பத்திகள், இவர்களுக்குச் சில வரி.

இதையெல்லாம் நேரில் பார்க்க எங்கே போகலாம்? மே மாதம் நரசிம்ம ஜெயந்தி சமயத்தில் மேலட்டூருக்குப் போங்கள். வேங்கடராம சாஸ்திரி எழுதிய பிரகலாத சரித்திரத்தை ராத்திரி முழுக்க ஆடுவார்கள். எல்லா வேஷமும் ஆண்கள்தான். வசனமும் பாட்டும் தெலுங்கு, சுற்றி உட்கார்ந்திருக்கும் கூட்டம் தமிழ். பல நடிகர்கள் வெளியூரில் வேலை பார்த்துவிட்டு இதற்கென்று லீவு போட்டு வருகிறவர்கள். சாலியமங்கலம், ஊத்துக்காடு போன்ற ஊர்களிலும் இந்த மரபு உண்டு. தஞ்சாவூரில் சரஸ்வதி மகால் அருங்காட்சியகத்தை அவசரப்படாமல் பாருங்கள். 40,000க்கு மேற்பட்ட சுவடிகளில் பெரும்பகுதி சமஸ்கிருதம், கூடவே தமிழ், தெலுங்கு, மராத்தி. அப்புறம் நடவு சமயத்தில் வந்தால் வயல் பக்கமும் ஒரு நடை போங்கள். இப்போது சில இடங்களில் மேற்கு வங்கத்திலிருந்து வந்த ஆட்கள் குழுவாக நாற்று நடுகிறார்கள். அவர்களோடு ஏக்கருக்கு இவ்வளவு என்று பேசி முடிக்க, மேஸ்திரி உடைந்த இந்தியும் கொஞ்சம் வங்காளமும் பழகிக்கொண்டிருக்கிறார்.